கறிக்கோழி உலகை வென்ற கதை

உலகில் இன்று ஓர் ஆண்டில் உற்பத்தியாகும் இறைச்சி ஏறத்தாழ 36 கோடி டன். 1961ஆம் ஆண்டில் இது 7 கோடி டன் அளவில்தான் இருந்தது. இந்த அறுபது ஆண்டுகளில் மக்கள்தொகை 300 கோடியிலிருந்து 800 கோடியானது; இறைச்சியோ ஐந்து மடங்கு பெருகியது. ஆள் ஒன்றுக்கு ஆண்டுக்கு 23 கிலோ என்றிருந்த உலகச் சராசரி ஏறக்குறைய இரட்டித்துவிட்டது.

இந்தப் பெருக்கத்தில் எல்லாக் கால்நடைக்கும் ஒரே பங்கு கிடைக்கவில்லை. 1961இல் மாட்டிறைச்சி முதலிடத்திலும் பன்றி இறைச்சி அதற்கு அடுத்தும் இருந்தன. கோழி, வாத்து, வான்கோழி மூன்றும் சேர்ந்த பறவை இறைச்சி வெறும் 90 லட்சம் டன், மொத்தத்தில் எட்டில் ஒரு பங்கு. 1980 வாக்கில் பன்றி மாட்டை முந்தியது. 2010களின் பிற்பகுதியில் பறவை இறைச்சி பன்றியையும் முந்தி முதலிடத்துக்கு வந்தது. இன்று அது சுமார் 14 கோடி டன். அதில் பத்தில் ஒன்பது பங்கு கோழி. பன்றி இறைச்சி 12 கோடி டன் அளவிலும், எருமையையும் சேர்த்த மாட்டிறைச்சி ஏழரைக் கோடி டன் அளவிலும் நிற்கின்றன. தமிழ்நாட்டு விருந்தில் தலைவாழை இலையின் நடுவே வைக்கப்படும் ஆட்டுக்கறிக்கு, செம்மறி வெள்ளாடு இரண்டையும் கூட்டினாலும், உலகக் கணக்கில் இருபதில் ஒரு பங்குகூட இல்லை. 1961இல் உலகம் முழுவதும் அறுக்கப்பட்ட கோழிகள் சுமார் 660 கோடி. இப்போது ஆண்டுக்கு 7,500 கோடி. உலக இறைச்சியின் உற்பத்தி, நுகர்வு, வணிகம் மூன்றையும் விளங்கிக்கொள்ள இந்த ஒரு பறவையைப் பின்தொடர்ந்தாலே பெரும்பகுதி தெளிந்துவிடும்.

கோழி நெடுங்காலம் கறிக்கென்று வளர்க்கப்பட்டதல்ல. முட்டைக்காக வளர்ப்பார்கள்; முட்டையிடுவது நின்றபின் குழம்பில் போடுவார்கள்; மிஞ்சும் சேவலைப் பண்டிகைக்கு அறுப்பார்கள். அமெரிக்காவிலும் இதே வழக்கம்தான், அங்கே கோழிக்கறி மாட்டுக்கறியைவிட விலை கூடிய பண்டமாக இருந்தது. 1923இல் டெலவேர் மாநிலத்தின் ஓஷன் வியூ என்ற ஊரில் செசில் ஸ்டீல் என்ற பெண்மணி முட்டைக்கோழிக்காக 50 குஞ்சுகள் கேட்டிருந்தார். தவறுதலாக 500 குஞ்சுகள் வந்து இறங்கின. அவர் திருப்பி அனுப்பவில்லை. சிறு கொட்டகை ஒன்று கட்டி வளர்த்து, இரண்டு பவுண்டு எடை வந்ததும் கறிக்கு விற்றார். பவுண்டுக்கு 62 சென்ட் கிடைத்தது. 1926க்குள் அவர் 10,000 கோழிகள் கொள்ளும் கொட்டகை கட்டிவிட்டார். அக்கம்பக்கத்தவர்களும் அதே வழியில் இறங்க, அந்தக் கடலோரப் பகுதியே கறிக்கோழி வட்டாரமாக மாறியது.

அவருடைய முயற்சி பலித்ததற்கு அறிவியலும் காரணம். வெயில் படாமல் வளரும் கோழிக்கு எலும்பு உறுதிப்படாது, கால் வளைந்துவிடும். வைட்டமின் டி என்ற சத்து அறியப்பட்டு, மீன் எண்ணெயைத் தீவனத்தில் கலக்கும் வழி தெரிந்த பிறகுதான் குளிர்காலத்திலும் கூரைக்குள்ளேயே ஆயிரக்கணக்கில் வளர்க்க முடிந்தது.

அடுத்த பெரிய மாற்றம் பறவையின் உடலிலேயே நிகழ்ந்தது. இரண்டாம் உலகப்போர் முடிந்ததும் ஏ அண்ட் பி என்ற மளிகைக்கடை நிறுவனமும் அமெரிக்க வேளாண்துறையும் சேர்ந்து ‘நாளைய கோழி’ என்ற போட்டியை நடத்தின. நாடெங்கிலும் உள்ள கோழி வளர்ப்பாளர்கள் முட்டைகளை அனுப்ப வேண்டும். அவற்றை ஒரே இடத்தில் பொரிக்கவைத்து, ஒரே தீவனம் கொடுத்து வளர்த்து, அகன்ற மார்பும் பருத்த தொடையும் கொண்ட கோழி எதுவென்று பார்ப்பார்கள். 1948 இறுதிச் சுற்றில் கலிபோர்னியாவின் சார்ல்ஸ் வான்ட்ரெஸ் வென்றார். அவருடையது கார்னிஷ் இனத்தையும் நியூ ஹாம்ப்ஷயர் இனத்தையும் கலந்த கோழி. அந்தப் போட்டியில் தொடங்கிய இனத்தேர்வு எங்கே கொண்டுவந்து விட்டது என்பதை கனடாவின் ஆல்பர்ட்டா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2014இல் அளந்து காட்டினார்கள். 1957ஆம் ஆண்டின் இனம், 1978ஆம் ஆண்டின் இனம், 2005ஆம் ஆண்டின் இனம் ஆகிய மூன்றையும் ஒரே தீவனம் கொடுத்து வளர்த்தார்கள். 56ஆம் நாளில் முதல் கோழி 905 கிராம், இரண்டாவது 1,808 கிராம், மூன்றாவது 4,202 கிராம். தீவனம் ஒன்றே என்பதால் இந்த வேறுபாடு முழுவதும் இனத்தேர்வின் விளைவு. ஊசி போட்டுக் கோழியை ஊதவைக்கிறார்கள் என்று தமிழ்நாட்டில் பரவலாக நிலவும் நம்பிக்கைக்கு இதைவிடத் தெளிவான பதில் கிடையாது.

இந்த இனங்களின் மூலக் கோழிகள் மிகச் சிலரிடம் குவிந்துள்ளன. ராஸ், ஆர்பர் ஏக்கர்ஸ் ஆகிய இனங்களை வைத்திருக்கும் அவியாஜென், வான்ட்ரெஸின் பெயரை இன்றும் தாங்கிநிற்கும் காப்-வான்ட்ரெஸ் என்ற இரண்டு நிறுவனங்கள்தான் உலகக் கறிக்கோழியின் பெரும்பகுதிக்கு மூதாதையரைக் கொடுக்கின்றன. மூலக் கோழியிலிருந்து கொள்ளுப்பாட்டி, பாட்டி, தாய்க்கோழி என்று படிப்படியாகப் பெருக்கி, கடைசிப் படியில் கறிக்கோழிக் குஞ்சு கிடைக்கிறது. கலப்பின வீரியம் அந்தக் கடைசித் தலைமுறையோடு முடிந்துவிடும். வீரிய ஒட்டு விதை வாங்கும் விவசாயி ஒவ்வொரு பருவத்துக்கும் கடைக்குப் போக வேண்டியிருப்பதைப் போலவே, பண்ணையாளரும் ஒவ்வொரு முறையும் குஞ்சை வாங்கியே தீர வேண்டும். இந்தியாவில் பி.வி. ராவ் 1971இல் தொடங்கிய வெங்கடேஸ்வரா ஹேச்சரீஸ் இந்தக் குஞ்சு உற்பத்தியை நாட்டுக்குள் வேரூன்றச் செய்தது.

குஞ்சுக்கு அடுத்தது தீவனம். செலவில் பெரும்பகுதி அதற்கே போகிறது. கறிக்கோழித் தீவனத்தில் பாதிக்கு மேல் மக்காச்சோளம். புரதத்துக்காகக் கால் பங்கு அளவில் சோயாப் புண்ணாக்கு. ஒரு கிலோ உயிர் எடை கூட நல்ல பண்ணையில் ஒன்றரை முதல் ஒன்றே முக்கால் கிலோ தீவனம் போதும். பன்றிக்கு அது மூன்று கிலோ அளவு; தானியம் கொடுத்துக் கொழுக்கவைக்கும் மாட்டுக்கு ஆறு கிலோவுக்கும் மேல். கோழி மற்ற இறைச்சிகளைவிட மலிவாக இருப்பதற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை. கறிக்கோழி என்பது நாற்பது நாளில் உருமாறிய மக்காச்சோளமும் சோயாவும்தான். அந்த இரண்டின் விலையும் எந்தப் பக்கம் போகிறதோ கோழி விலையும் அந்தப் பக்கம் போகும்.

சோயாவின் வரலாறு இறைச்சியின் வரலாற்றோடு பின்னிக் கிடக்கிறது. 1973இல் உள்நாட்டு விலையேற்றத்தைக் கண்டு அமெரிக்கா சோயா ஏற்றுமதியைச் சில காலம் நிறுத்தியது. சோயாவுக்கு அமெரிக்காவையே நம்பியிருந்த ஜப்பான் திடுக்கிட்டு, வேறு விளைநிலம் தேடி பிரேசிலுக்கு முதலீட்டோடு போனது. அதே 1973இல் பிரேசில் அரசு எம்ப்ராபா என்ற வேளாண் ஆய்வு நிறுவனத்தை அமைத்திருந்தது. நாட்டின் நடுப்பகுதியில் பரந்து கிடந்த செர்ராடோ என்னும் புதர்க்காட்டுப் புல்வெளி, அமிலம் மிகுந்த மண் கொண்ட, விவசாயத்துக்கு ஆகாத நிலம் என்று ஒதுக்கப்பட்டிருந்தது. டன் கணக்கில் சுண்ணாம்பு இட்டு மண்ணின் அமிலத்தைக் குறைத்தார்கள். வெப்பமண்டலத்தின் குறுகிய பகலிலும் விளையும் சோயா வகைகளை உருவாக்கினார்கள். இன்று உலகின் முதல் சோயா நாடு பிரேசில். ஆண்டுக்குச் சுமார் 10 கோடி டன் சோயா வாங்கும் சீனா, அதில் பத்தில் ஏழு பங்கு அளவுக்குப் பிரேசிலிடம் பெறுகிறது. அது முதன்மையாகச் சீனாவின் பன்றிக்கும் கோழிக்கும் போகிறது. இதற்குக் கொடுத்த விலை சிறிதல்ல. செர்ராடோவின் இயற்கைத் தாவரங்களில் ஏறக்குறைய பாதி அழிந்துவிட்டது. அமேசான் காட்டைப் புதிதாக அழித்த நிலத்தின் சோயாவை வாங்குவதில்லை என்று பெரிய வணிகர்கள் 2006இல் ஓர் உடன்பாட்டுக்கு வந்தார்கள். அந்தக் காப்பு செர்ராடோவுக்குக் கிடைக்கவில்லை.

குஞ்சு, தீவனம், மருந்து, விற்பனை எல்லாவற்றையும் ஒரே நிறுவனம் கையில் வைத்துக்கொண்டு, வளர்ப்பை மட்டும் விவசாயியிடம் விடுவது அமெரிக்காவின் தென்மாநிலங்களில் தழைத்த முறை. அதற்கு இந்தியாவில் முன்னோடியானது கொங்கு மண்டலம். உடுமலைப்பேட்டையில் 1980களில் சிறு அளவில் தொடங்கிய சுகுணா நிறுவனம், 1990களின் தொடக்கத்தில் ஒப்பந்தப் பண்ணை முறையைக் கொண்டுவந்தது. மழை பொய்த்துக் கிணறு வற்றிய பல்லடம், உடுமலை, பொங்கலூர்ப் பக்கத்து விவசாயிகளுக்கு, தண்ணீர் அதிகம் கேட்காத இந்தத் தொழில் கைகொடுத்தது. கிழக்கு மேற்காக நீளும் கொட்டகையும், அதன் தரையில் விரிக்கும் தென்னை நார்க்கழிவும், மின்சாரமும், உழைப்பும் விவசாயியுடையவை. ஒருநாள் குஞ்சும் தீவனமும் மருந்தும் நிறுவனத்தின் வண்டியில் வந்து இறங்கும். நாற்பது நாளைத் தாண்டியதும் இரண்டு கிலோ அளவுள்ள கோழிகளை நிறுவனமே பிடித்துப்போகும். விவசாயிக்குக் கிலோவுக்கு இவ்வளவு என்று வளர்ப்புக் கூலி. கோழி விலை சரிந்தால் நட்டம் நிறுவனத்துக்கு என்பது இம்முறையின் நல்ல பக்கம். கொட்டகைக் கடனும், கூலி ஆள் சம்பளமும், கோடை வெப்பத்தில் கோழி சாகும் அச்சமும் விவசாயியின் தலையில். எப்போது குஞ்சு இறக்குவது, எத்தனை நாள் இடைவெளி விடுவது என்பதும் அவர் கையில் இல்லை. கூலியை உயர்த்தக் கேட்டு இப்பகுதிப் பண்ணையாளர்கள் போராட்டம் நடத்தியதுண்டு. அமெரிக்காவில் இந்த இழுபறி இன்னும் கடுமை. அங்கே ஒரே வாரத்தில் கோழி கொடுக்கும் பண்ணையாளர்களை ஒருவரோடு ஒருவர் ஒப்பிட்டுத் தரம்பிரித்து, முந்தியவருக்குக் கூட்டியும் பிந்தியவருக்குக் குறைத்தும் கூலி தருகிறார்கள். குஞ்சின் தரமும் தீவனத்தின் தரமும் நிறுவனத்தின் கையில் இருக்க, விளைச்சலுக்கு மட்டும் விவசாயியைப் பொறுப்பாக்குவது நியாயமான ஏற்பாடு என்று சொல்ல முடியாது.

நுகர்வோரின் பக்கம் திரும்பினால், கோழிக்கு இருக்கும் பெரிய வசதி அதற்கு மதத் தடை இல்லாததுதான். இஸ்லாமியரும் யூதரும் பன்றியை விலக்குகிறார்கள். இந்துக்களில் மிகப் பலர் மாட்டிறைச்சி உண்பதில்லை. கோழியை விலக்கும் பெரிய சமயம் சைவ உணவை வலியுறுத்துபவை தவிர வேறில்லை. ஒரு குடும்பம் ஒரு வேளைக்கு வாங்கிச் சமைத்து முடிக்கும் அளவுதான் அதன் உடல். வேகும் நேரமும் குறைவு. செல்வ நாடுகளில் மாரடைப்புக்கும் சிவப்பிறைச்சிக்கும் உள்ள தொடர்பு பேசப்பட்ட 1970களுக்குப் பின் இன்னொரு காரணமும் சேர்ந்துகொண்டது. அமெரிக்கர் ஒருவர் இன்று ஆண்டுக்கு 45 கிலோ அளவில் கோழி உண்கிறார். இந்தியாவின் பறவை இறைச்சி உற்பத்தி 2023-24இல் சுமார் 50 லட்சம் டன்; நாட்டின் மொத்த இறைச்சியில் பாதி. தலைக்கு வகுத்தால் மூன்றரைக் கிலோதான்.

கோழி முதலிடம் பிடிக்கக் கடைசித் தள்ளு கொடுத்தது சீனாவின் பன்றிகளுக்கு வந்த நோய். உலகப் பன்றி இறைச்சியில் ஏறக்குறைய பாதியை உற்பத்தி செய்யும் அந்த நாட்டில், 2018 ஆகஸ்ட் மாதம் ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் தோன்றியது. மனிதரைத் தாக்காத, பன்றியை விட்டுவைக்காத கிருமி அது. 2018இல் 5.4 கோடி டன்னாக இருந்த சீனப் பன்றி இறைச்சி உற்பத்தி, மறு ஆண்டில் 4.25 கோடி டன்னுக்குச் சரிந்தது. விலை இருமடங்கானது. 2020இல் சீனா 40 லட்சம் டன்னுக்கு மேல் பன்றி இறைச்சி இறக்குமதி செய்தும் பற்றாக்குறை தீரவில்லை. மக்கள் கோழிக்குத் திரும்பினார்கள். பிறகு சீனா பன்றிகளை மீட்டது. இம்முறை வீட்டுக் கொல்லைகளில் அல்ல, பெரும் நிறுவனங்களின் பண்ணைகளில். ஹூபே மாகாணத்தின் எசோவில் பன்றிகளுக்காகவே 26 மாடிக் கட்டடம் ஒன்று எழுந்தது.

வணிகத்துக்கு வந்தால் ஒரு வியப்பு காத்திருக்கிறது. உலக இறைச்சியில் எல்லை தாண்டுவது ஏறத்தாழ ஒன்பதில் ஒரு பங்குதான். மீதி அந்தந்த நாட்டிலேயே உண்ணப்படுகிறது. ஆனாலும் அந்தச் சிறு பங்கு பல நாடுகளின் விலையையும் அரசியலையும் ஆட்டிவைக்கிறது. கோழி வணிகத்தின் உயிர்நாடி, ஒரே பறவையின் உறுப்புகளை வெவ்வேறு மக்கள் விரும்புவது. அமெரிக்கர்களுக்கு மார்புக்கறி மேல். லெக் பீஸ் மலிவாக மிஞ்சும். ஜப்பானியருக்குத் தொடைக்கறிதான் சுவை. சீனர்களுக்குக் கோழிப் பாதம் விருந்துப் பண்டம். ஒரு கோழியை அறுத்தால் மார்பு உள்நாட்டிலும், கால் ஆப்பிரிக்காவிலோ மெக்சிகோவிலோ, பாதம் சீனாவிலும் விலைபோகும். மார்பிலேயே இலாபம் வந்துவிடுவதால் காலை எந்த விலைக்கும் தள்ளிவிட முடிகிறது. இறக்குமதி நாடுகளின் பண்ணையாளர்களை வீழ்த்துவது இந்தக் கணக்குதான்.

சோவியத் ஒன்றியம் தள்ளாடிக்கொண்டிருந்த 1990இல், அமெரிக்க அதிபர் ஜார்ஜ் புஷ்ஷுக்கும் சோவியத் தலைவர் கோர்பசேவுக்கும் ஏற்பட்ட உடன்பாட்டின் பேரில் உறைந்த கோழிக்கால்கள் அங்கே போய் இறங்கின. காலியாகக் கிடந்த கடைகளில் அவை மக்களின் பசி தீர்த்தன; ‘புஷ் கால்கள்’ என்ற பெயர் ரஷ்ய மொழியிலேயே நிலைத்துவிட்டது. உள்ளூர்ப் பண்ணைகள் நொடித்தன. 2000களில் ரஷ்யா இறக்குமதிக்கு அளவு வகுத்து, பண்ணைகளுக்குக் கடன் கொடுத்து மீண்டது. 2014இல் மேற்கு நாடுகளின் உணவுப் பொருள்களுக்குத் தடை விதித்தபோது அதற்கு அமெரிக்கக் கோழி தேவைப்படவில்லை. கானாவுக்கு அந்த வாய்ப்புக் கிடைக்கவில்லை. 2003இல் அந்நாட்டு நாடாளுமன்றம் கோழி இறக்குமதி வரியை 20 விழுக்காட்டிலிருந்து 40 ஆக உயர்த்தியது. பன்னாட்டு நாணய நிதியத்துடனான பேச்சுக்குப் பின் அந்த உயர்வு கைவிடப்பட்டது. கானாவின் சந்தைகளில் இன்று பெரும்பாலும் உறைந்த வெளிநாட்டுக் கோழிதான். அதே காலத்தில் நைஜீரியா இறக்குமதியை அடியோடு தடை செய்தது. அண்டை நாடான பெனின் தன் சிறிய மக்கள்தொகைக்குத் தேவையானதைவிடப் பல மடங்கு கோழி இறக்குமதி செய்து, அது எல்லை தாண்டிக் கடத்தலாக நைஜீரியாவுக்குப் போனது.

2004 முதல் கோழி ஏற்றுமதியில் முதல் நாடு பிரேசில். ஆண்டுக்கு 50 லட்சம் டன்னுக்கு மேல் அனுப்புகிறது. சொந்தச் சோயாவும் மக்காச்சோளமும் இருப்பது ஒரு பலம். 1970களிலேயே வளைகுடா நாடுகளின் ஹலால் முறைப்படி அறுக்கத் தொடங்கியது இன்னொரு பலம். ஐரோப்பா உப்பிடாத கோழிக்கு அதிக வரி விதித்தபோது, பிரேசிலும் தாய்லாந்தும் சிறிதளவு உப்புத் தூவி ‘உப்பிட்ட இறைச்சி’ என்ற குறைந்த வரிப் பட்டியலில் அனுப்பின. ஐரோப்பா அதை மாற்ற முயல, 2005இல் உலக வணிக அமைப்பு ஏற்றுமதியாளர்கள் பக்கமே தீர்ப்பளித்தது. தாய்லாந்து 2004 பறவைக் காய்ச்சலில் பச்சைக்கறிச் சந்தையை இழந்தபின், வேகவைத்த கோழிக்கு மாறிப் பிழைத்துக்கொண்டது. வெப்பத்தில் கிருமி சாகும் என்பதால் இறக்குமதி நாடுகள் அதைத் தடுக்கவில்லை. இந்தியா கோழிக்கால் இறக்குமதிக்கு 100 விழுக்காடு வரி வைத்திருக்கிறது. பறவைக் காய்ச்சலைக் காட்டி அமெரிக்கக் கோழியைத் தடுத்ததற்காக 2015இல் உலக வணிக அமைப்பில் வழக்கில் தோற்று, 2023இல்தான் அமெரிக்காவுடன் சமரசம் கண்டது. அந்த வரி இல்லையென்றால் உறைந்த லெக் பீஸ் கானாவில் செய்ததை இங்கும் செய்திருக்கும் என்று அஞ்சும் பல்லடத்துப் பண்ணையாளரின் அச்சம் வீணானதல்ல. உயிர்க்கோழியை எடைபோட்டுக் கண்ணெதிரில் வெட்டித் தரும் கடைகளையே இந்திய மக்கள் விரும்புவதும் உள்நாட்டுக் கோழிக்கு ஓர் அரண்.

ஒரே மரபைக் கொண்ட பறவைகள் ஆயிரக்கணக்கில் ஒரே கூரையின்கீழ் இருப்பது கிருமிக்கும் வசதி. 1997இல் ஹாங்காங்கில் எச்5என்1 பறவைக் காய்ச்சல் 18 பேரைத் தாக்கி 6 பேரைக் கொன்றது. நகரின் கோழிகள் அனைத்தும் அழிக்கப்பட்டன. 2022க்குப் பின் அமெரிக்காவில் மட்டும் 10 கோடிக்கும் மேற்பட்ட பறவைகள் இந்நோயால் அழிந்தன அல்லது அழிக்கப்பட்டன. 2025 மே மாதம் பிரேசிலின் வணிகப் பண்ணை ஒன்றில் முதன்முறையாக நோய் தென்பட, சீனா உடனே கொள்முதலை நிறுத்தியது. இன்னோர் ஆபத்து ஓசையின்றி வளர்வது. சிறிதளவு ஆன்டிபயாடிக் தீவனத்தில் கலந்தால் கோழி வேகமாக வளரும் என்று 1940களின் இறுதியில் அமெரிக்காவில் கண்டறிந்தார்கள். அந்தப் பழக்கம் மருந்துக்கு அடங்காத கிருமிகளை வளர்த்தது. ஐரோப்பிய ஒன்றியம் 2006இல் வளர்ச்சிக்காக ஆன்டிபயாடிக் கலப்பதைத் தடை செய்தது. மனிதருக்குக் கடைசிக் கட்ட மருந்தான கோலிஸ்டினைக் கால்நடைகளுக்குக் கொடுப்பதை இந்தியா 2019இல் தடுத்தது. இந்தத் தடை இன்னும் பல ஆண்டுகள் முன்பே வந்திருக்க வேண்டும்.

செல்வ நாடுகளில் இறைச்சி உண்பது உச்சத்தைத் தொட்டுவிட்டதற்கான அறிகுறிகள் தெரிகின்றன. ஜெர்மனியில் 2022இல் தலைக்கு 52 கிலோ என்று குறைந்தது. நெதர்லாந்தின் பெரிய கடைகள், மெல்ல வளரும் இனக் கோழியை மட்டுமே பச்சைக்கறியாக விற்கும் நிலைக்கு 2023இல் வந்துவிட்டன. ஆய்வுக்கூடத்தில் செல்லிலிருந்து வளர்த்த கறியை விற்க உலகில் முதலில் அனுமதித்தது சிங்கப்பூர், 2020 டிசம்பரில், அதுவும் கோழிக்கறிதான். விலையும் உற்பத்தி அளவும் இன்னும் சந்தையை அசைக்கும் நிலையில் இல்லை.

இனி வரும் வளர்ச்சி ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும்தான் இருக்கும். இந்தியர் ஒருவர் ஆண்டுக்கு உண்ணும் மூன்றரைக் கிலோ ஏழு கிலோ ஆனால், அதுவும் அமெரிக்கர் உண்பதில் ஆறில் ஒரு பங்குதான். ஆனால் அதற்கே ஆண்டுக்கு இன்னும் ஒரு கோடி டன்னுக்கு மேல் தீவனம் வேண்டும். 2021இல் சோயாப் புண்ணாக்கு விலை ஏறியபோது, மரபணு மாற்ற உணவுப் பயிர்களுக்குக் கதவடைத்திருந்த இந்திய அரசே 12 லட்சம் டன் மரபணு மாற்றச் சோயாப் புண்ணாக்கை இறக்குமதி செய்ய அனுமதி கொடுக்க வேண்டிவந்தது. இப்போது மக்காச்சோளத்தை எத்தனால் ஆலைகளும் கேட்கின்றன. கோழிப்பண்ணைக்கும் பெட்ரோலில் கலக்கும் எரிபொருளுக்கும் ஒரே கதிர் என்ற நிலையில், பல்லடத்துக் கோழி விலையைக் கர்நாடகத்திலும் பீகாரிலும் விளையும் மக்காச்சோளத்தோடு சேர்த்தே இனிக் கணக்கிட வேண்டியிருக்கிறது.